வெள்ளை ஒட்டுப் போட்ட நீலப் போர்வை

விருத்தாம்பாள் போர்வையைக் கம்பத்தில் ஏற்றி முடித்த நேரத்தில், கடலில் பதிலுக்கு ஒன்று ஏறியது.

உச்சி வெயில். உப்பளத்திலிருந்து அப்போதுதான் வந்திருந்ததால் கண்ணுக்கு முன்னால் இன்னும் வெள்ளைப் பொட்டுகள் மிதந்துகொண்டிருந்தன. அதுவும் அப்படி ஒரு பொட்டு என்றுதான் முதலில் நினைத்தாள். முந்தானையால் கண்ணைத் துடைத்துவிட்டுப் பார்த்தாள். சவுக்குத் தோப்பு முடிந்து கடல் தெரிகிற சின்ன இடைவெளியில் ஒரு கறுப்புக் கப்பல் நின்றது. புகை இல்லை, ஆட்டமும் இல்லை. மரக்காணத்துக்கு எதிரே எந்தக் கப்பலும் நிற்காது. போகிறதெல்லாம் வானத்து விளிம்போடு ஒட்டிக்கொண்டு கடலூருக்கோ மெட்ராஸுக்கோ போய்விடும். இது கட்டுமரம் போகிற தண்ணீரில் நின்றது. அதன் கம்பத்தில் சிவப்பும் வெள்ளையும் பட்டை பட்டையாக இருந்த ஒரு கூர்மையான துணி பாதி உயரம் ஏறி, அங்கேயே நின்றுவிட்டது.

நின்றால் நிற்கட்டும் என்று நினைத்தாள். அவளுக்குத்தான் நிற்க முடியவில்லை. விடியலில் போய் உப்பு வாரி, தலைச்சுமையாய்க் கொண்டுபோய்க் குவித்து, இடையில் ஓடி வந்து புருஷனைப் புரட்டிப் போட்டு, மூத்திரத் துணியை அலசி, கஞ்சி ஊட்டி, திரும்ப ஓட வேண்டும். இதில் கப்பலை வேறு பார்த்துக்கொண்டு நிற்க யாருக்கு நேரம் இருக்கிறது.

உள்ளேயிருந்து கலியபெருமாள் சத்தம் கொடுத்தார். வார்த்தை இல்லை. பக்கவாதம் வந்து வலது கையும் காலும் விழுந்ததோடு பேச்சும் போய்விட்டது. தொண்டைக்குள்ளிருந்து மாட்டுக் கனைப்பு மாதிரி ஒன்று மட்டும் வரும்.

"தோ வர்றேன். ஒரு நிமிஷம் சும்மா இருக்க மாட்டீங்களா?"

கட்டில் நனைந்திருக்கவில்லை. தண்ணீரைக் காட்டினாள், வேண்டாம் என்று முகத்தைத் திருப்பிக்கொண்டார். இடது கையைத் தூக்கி வாசலுக்கு வெளியே, கம்பத்தைக் காட்டினார். கண் இரண்டும் அகலத் திறந்திருந்தன.

"துணி காயுதுங்க. வேற இன்னா?" என்று சொல்லிவிட்டுக் கஞ்சிக் கிண்ணத்தை எடுத்தாள்.

அந்தக் கம்பம் அவர் நட்டதுதான். மெட்ராஸ் துறைமுகத்திலிருந்து சரக்குக் கப்பல்களில் சுக்கானியாகப் போனவர் கலியபெருமாள். சுக்கான் பிடிப்பதோடு, அதிகாரி சொல்லச் சொல்லக் கொடிகளை எடுத்துக் கட்டி ஏற்றுவதும் அவர் வேலையாக இருந்தது. கல்யாணமான புதிதில் லீவில் வந்தபோது, அளத்து ஓரத்து வீட்டில் துணி காய வைத்தால் உப்புத் தூசி படிகிறது, ஆடு வந்து மெல்லுகிறது என்று இவள் புலம்பியதைக் கேட்டு, ஒரு நெட்டைச் சவுக்கு மரத்தைக் கொண்டுவந்து நட்டு, உச்சியில் கப்பி மாட்டி, கயிறு கோத்துக் கொடுத்தார். கீழே நின்று கட்டி இழுத்தால் துணி தானாக மேலே போய்க் காற்றில் காயும். கடலில் போகிறவன் ரவிக்கையைப் பார்ப்பான் என்று அளத்துப் பெண்கள் வெகுகாலம் கேலி பண்ணினார்கள்.

அந்த லீவில்தான் அவளுக்குக் கொடிக்கதை எல்லாம் சொன்னார்.

"ஆதியில கப்பலும் கப்பலும் பேசணும்னா கிட்ட வந்து கத்தணும். பாதியக் காத்து தின்னுடும். அப்பால ஒவ்வொரு ராஜாவும் தன் கப்பலுக்குன்னு ஒரு ரகசியக் கணக்கு வெச்சான். அவன் துணி இவனுக்குப் புரியாது. கடைசியா எல்லா தேசத்துக்காரனும் ஒரே புஸ்தகத்துக்கு வந்தான். இப்போ ஜப்பான்காரன் ஏத்தினா எனக்குப் புரியும். நான் ஏத்தினா ருஷ்யாக்காரனுக்குப் புரியும். பாஷையே வேணாம் விருத்தா."

"அதான் வயர்லெஸ் இருக்குதுன்றாங்களே?"

"வயர்லெஸ் ரிப்பேராவும். துணி ரிப்பேராவுமா?"

மஞ்சள் துணி ஏறியிருந்தால் அந்தக் காலத்தில் கப்பலில் காலரா என்று அர்த்தமாம், ஒருத்தனும் கிட்டே போகமாட்டானாம். இதை எல்லாம் சொல்லிவிட்டு விளையாட்டும் வைத்தார். இவள் பாத்தியில் நிற்கும்போது சாப்பாட்டு வேளையில் அவர் வீட்டுக் கம்பத்தில் துண்டை ஏற்றுவார். இவள் உப்பு வாருகிற பலகையின் கழியைப் பாதி தூக்கினால் பார்த்துவிட்டேன் என்று அர்த்தம். முழுக்கத் தூக்கினால் புரிந்தது என்று அர்த்தம். ஒருநாள் முழுக்கத் தூக்கிவிட்டு உடனே ஓடி வந்தாள். அவர் சோற்றை மூடிவைத்துவிட்டுச் சிரித்தார்.

"நான் இன்னும் எறக்கலையே, அதுக்குள்ள இன்னாத்துக்கு வந்த? ஏத்தினா சொல்றது. எறக்கினா செய்றது. அவன் புரிஞ்சிதுன்னு முழுசா ஏத்தணும், அப்பால நாம எறக்கணும். எறக்கின நிமிஷம் காரியம் நடக்கணும். அதான் கப்பல் சட்டம்."

சோறு ஆறினாலும் அதன் பிறகு துண்டு இறங்கும்வரை வரப்பிலேயே நிற்பாள். அது ஒரு காலம். எமர்ஜென்சி வந்த மறு வருஷமான இந்தக் கோடையில், அந்தக் கம்பத்தில் மூத்திரத் துணியும் போர்வையும்தான் ஏறி இறங்கின.

போர்வை கொழும்பிலிருந்து அவர் வாங்கி வந்தது. நல்ல நீலம். இரண்டு வருஷமாக அவர் ஒரே இடத்தில் கிடந்து கிடந்து, நடுவில் மட்டும் இற்றுப்போய்விட்டது. கிழிந்ததைச் சதுரமாக வெட்டி எடுத்துவிட்டு, அவருடைய பழைய வெள்ளை வேட்டியில் ஒரு துண்டு வைத்துத் தைத்தாள். தைத்துக்கொண்டிருந்தபோதுதான் வாய் தவறியது. தவறியது என்றுகூடச் சொல்ல முடியாது. மனசில் நாள் முழுக்க ஓடுகிறதுதான் வாயில் வந்தது.

"எனுக்கு முடியலங்க. ஒரு நாளு கண்ண மூடிப் போய்ச் சேர்ந்துட்டீங்கன்னா, ரெண்டு பேருக்கும் விடுதலை."

அவர் விட்டத்தைப் பார்த்தார். ஒரு கண்ணிலிருந்து மட்டும் தண்ணீர் வழிந்து காதுக்குள் போனது. துடைத்துவிட எழுந்திருக்க வேண்டும் என்று நினைத்தாள். இடுப்பு எழ விடவில்லை. ஊசியில் மறுபடி நூல் கோத்துத் தையலை முடித்தாள்.

மறுநாள்தான் கப்பல் வந்தது.

அன்றிலிருந்து போர்வை ஏறும்போதெல்லாம் அந்தப் பட்டைத் துணியும் ஏறியது. பாதி வரைதான். பொழுது சாய இவள் போர்வையை இறக்கினால் அங்கேயும் இறங்கியது. பாதி என்றால் பார்த்துவிட்டான், இன்னும் புரியவில்லை என்பது அவளுக்கு ஞாபகம் இருந்தது. எதைப் பார்த்தான், எது புரியவில்லை என்று யோசிக்கத் தெம்பில்லை. வெயிலில் காய்ந்த போர்வை கையில் ஈரமாக வந்தது. மோந்து பார்த்தாள். அளத்துச் சேற்று நாற்றம் அவளுக்குப் பழகியது, இது வேறு. துருவும் எண்ணெயும் ஊறிப்போன கயிறும் சேர்ந்த வாடை. புருஷன் ஒவ்வொரு தடவை கப்பலிலிருந்து வரும்போதும் பெட்டியைத் திறந்தால் அடிக்கிற வாடை.

பிறகு பானை. அந்தப் பக்கத்தில் நல்ல தண்ணீர் கிடையாது. ஊருக்குள் போய்க் கிணற்றில் இறைத்து, வரப்பு வரப்பாக நடந்து கொண்டுவர வேண்டும். காலையில் நிரப்பி வைத்த பானை மதியம் வந்து பார்த்தால் காலியாக இருந்தது. கட்டிலை விட்டு அசைய முடியாத மனுஷன் குடித்திருக்க முடியாது. பானையின் விளிம்பில், வாய் வைத்துக் குடித்தால் உதடு படுகிற இடத்தில், உப்பு பூத்திருந்தது. ஒரு இடத்தில் இல்லை. சுற்றிலும்.

"நாயி வந்திருக்கும்டி," என்றாள் மாரியம்மாள். அவள் பக்கத்துப் பாத்திக்காரி, தண்ணீருக்கும் துணையாக வருகிறவள்.

"நாயி பானையக் கவுத்துப் போடாம குடிக்குமாக்கா?"

"உன் ஊட்டு நாயி கப்பல்ல போய்ட்டு வந்த நாயா இருக்கும். மரியாத தெரிஞ்சிருக்கும்."

விருத்தாம்பாளுக்குச் சிரிப்பு வரவில்லை. "தோ, தோப்பு சந்துல ஒரு கப்பல் நிக்குது பாருக்கா. நாலஞ்சு நாளா நிக்குது."

மாரியம்மாள் நெற்றிக்குக் கை கொடுத்துப் பார்த்தாள். "எங்கடி? வெறுங்கடல் இல்ல கெடக்குது. உப்பப் பாத்துப் பாத்து உனுக்குக் கண்ணு அவிஞ்சிபோச்சு. ஊர்ல எல்லாம் கூலிங் கிளாஸ் போடறானுங்க, மொதலாளி நமக்கு ஒண்ணு வாங்கித் தரலாம்."

கண்தான் கெட்டுவிட்டது என்று இவளும் நம்பப் பார்த்தாள். ஆனால் தரையில் இருந்ததை என்னவென்று சொல்வது.

உப்புத் தண்ணீர் காய்ந்தால் ஓரம் கட்டி வெள்ளையாக நிற்கும். வாசற்படி தாண்டி உள்ளே அப்படி நின்றவை காலடிகள். வெறுங்கால்கள். கட்டில் வரை வந்து, சுவரோரம் போய், குதிகால் சுவரை ஒட்ட, விரல்கள் கட்டிலைப் பார்க்க ஒரு ஜோடி நின்றது. உட்கார்ந்து விரலால் சுரண்டினாள். பாத்தியில் விளைகிற உப்பு எப்படி இருக்கும் என்று அவளுக்குத் தெரியாதா. இது சாம்பல் நிறம். நாக்கில் வைத்தாள். துருவின் ருசி.

உள்ளே வந்த தடம் இருந்தது. வெளியே போன தடம் இல்லை.

ஈரத் துணியால் துடைத்தாள். மறுநாள் மூன்று ஜோடி. அதற்கும் மறுநாள் ஒரு பக்கச் சுவர் முழுக்க. துடைத்த இடத்திலேயே, அவரவர் இடம் அவரவருக்கு என்பதுபோல, அதே காலடிகள் திரும்ப வந்து நின்றன. பயந்தாள். ஆனால் பயப்படுவதற்கும் தெம்பு வேண்டுமே. கால்மாட்டில் பாயை விரித்துப் படுத்தால் கட்டை மாதிரித் தூங்கிப்போனாள். எழுந்து பார்த்தபோது நான்கு சுவரையும் ஒட்டி வரிசை முடிந்திருந்தது. கட்டிலின் கால்மாட்டில், அவள் பாய் விரிக்கிற இடத்தில் மட்டும் ஒரு ஆள் நிற்கிற அளவுக்கு இடைவெளி இருந்தது. அங்கே தரை காய்ந்திருந்தது.

கலியபெருமாள் தூங்குவதை நிறுத்திவிட்டார். சுவரைச் சுற்றி ஒவ்வொரு இடமாகப் பார்ப்பார். ஒவ்வொரு முகமாகப் பார்ப்பது மாதிரி இருக்கும்.

"யாருங்க? யாரப் பாக்குறீங்க?"

கனைப்பு மட்டும் வந்தது. அவர் நெற்றியைத் தடவிக்கொடுத்தாள். அன்று சொன்னதற்கு மன்னிப்புக் கேட்க வேண்டும் என்று இருந்தது. "நான் ஏதோ அலுப்புல சொன்னேங்க. நீங்க போவக் கூடாது. நீங்க கெடந்தாலும் போதும்," என்றாள். அவர் அவள் கையைப் பிடித்துக்கொண்டார். இடது கையில் அவ்வளவு பிடி இன்னும் இருக்கிறது என்று அவளுக்கு அன்றைக்குத்தான் தெரிந்தது.

அன்று கடைசிப் பாத்தியில் வேலை. கடலை ஒட்டிய பாத்தி. அங்கிருந்து தன் வீட்டை அவள் அதிகம் பார்த்ததில்லை. பொழுது இறங்கத் தொடங்கி, வெயில் மஞ்சளான நேரம், நிமிர்ந்து இடுப்பைப் பிடித்துக்கொண்டு திரும்பியவளுக்கு, கடலில் இருக்கிறவன் எப்படிப் பார்ப்பானோ அப்படித் தன் வீடு தெரிந்தது. வெள்ளை வெளியில் கறுப்பாக ஒரு கூரை. அதன்மேல் ஒரு கம்பம். கம்பத்து உச்சியில் விறைப்பாகப் பறக்கிற நீலம். நீலத்தின் நடுவில் வெள்ளைச் சதுரம்.

எந்தத் துறைமுகத்தில் டீ குடித்துக்கொண்டிருந்தாலும் இதைப் பார்த்தால் கிளாஸை வைத்துவிட்டு ஓடி வருவோம் என்று அவர் சொன்ன கொடி. காகிதத்தில் பென்சிலால் போட்டுக்கூடக் காட்டினார். "இது ஏறிடுச்சுன்னா கப்பல் கெளம்பப் போவுதுன்னு அர்த்தம். அந்தக் கப்பலச் சேர்ந்தவன் எங்க இருந்தாலும், எந்த நெலமையில இருந்தாலும், வந்து ஏறிடணும்."

இத்தனை நாளும் அவள் வீடு கூப்பிட்டுக்கொண்டே இருந்திருக்கிறது. அந்தக் காலடிக்காரர்களும் வந்து ஏறியிருக்கிறார்கள்.

கடலைப் பார்த்தாள். கப்பல் தோப்பு மறைக்காத இடத்துக்கு வந்திருந்தது. அலை அதன் பக்கவாட்டில் மோதவில்லை. அவள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே அந்தப் பட்டைத் துணி பாதியிலிருந்து கிளம்பியது. மெதுவாக. உச்சிக்குப் போய் நின்றது.

கப்பலில் இருக்கிறவனுக்குப் புரிந்துவிட்டது.

பலகையைப் போட்டுவிட்டு ஓடினாள். "எங்கடி ஓடுற?" என்று மாரியம்மாள் பின்னால் கேட்டாள். அவரைக் கொண்டுபோகத்தான் வந்திருக்கிறார்கள். நான்தான் கூப்பிட்டேன். என் வாயால் சொன்னேன், என் கையால் தைத்தேன். ஓட ஓட இது மட்டும்தான் மனசில் அடித்துக்கொண்டது. உப்பு குத்திக் கால் வெடிப்பில் ரத்தம் வந்தது. நிற்கவில்லை.

வீட்டுக்குள் இருட்டாக இருந்தது. வெளியில் இன்னும் வெளிச்சம். உள்ளே மட்டும் இருட்டு.

வாடை நெஞ்சில் இடித்தது. சொட்டுகிற சத்தம். ஒரு இடத்தில் இல்லை, சுவரைச் சுற்றி. சொட்டு. சொட்டு. அதற்கு நடுவில் மூச்சு. நிறைய மூச்சு. ஈரமான மூச்சு.

ஆள் யாரும் தெரியவில்லை. காலடிகள் மட்டும் தெரிந்தன. காய்ந்த உப்பாக இல்லை. ஈரமாக. அவள் பார்க்கப் பார்க்க அவற்றைச் சுற்றித் தண்ணீர் பெருகிக்கொண்டிருந்தது.

"ஏங்க."

கலியபெருமாள் கட்டிலில் தலையைத் தூக்கியிருந்தார். இடது கை மேலே நீண்டிருந்தது. உள்ளங்கை விட்டத்தைப் பார்க்க, மேலே, மேலே என்று காற்றைத் தள்ளியது. கண் வாசலுக்குப் போனது. கம்பத்துக்குப் போனது. திரும்ப இவளிடம் வந்தது. கெஞ்சியது.

"தெரியுதுங்க. அதத்தான் எடுக்கப் போறேன். உங்கள வுட மாட்டேன்."

அவர் தலையை ஆட்டினார். இல்லை, இல்லை என்று ஆட்டினார். கனைப்பு அலறலாக மாறியது. அவள் அதற்குள் வாசலைத் தாண்டிவிட்டாள்.

கயிற்று முடிச்சு இறுகியிருந்தது. பல்லால் இழுத்தாள். நகம் பெயர்ந்தது. அவிழ்ந்தது. பலங்கொண்ட மட்டும் இழுத்தாள். கப்பி கீச்சிட்டது. போர்வை இறங்கியது. கனமாக, நனைந்து, அவள் தலைமேல் விழுந்து மூடியது. அதைப் பிய்த்துத் தள்ளி நெஞ்சோடு சுருட்டிக்கொண்டாள். அப்பாடா என்று மூச்சு விட்டாள்.

விட்ட மூச்சு திரும்ப உள்ளே போகவில்லை. சோறு ஆறிப்போக வரப்பில் நின்ற அந்த மதியங்கள். துண்டு மேலே இருக்கும்வரை அசையக் கூடாது, இறங்கிய நிமிஷம் ஓட வேண்டும். ஏத்தினா சொல்றது.

அவர் இறக்காதே என்றல்லவா கையைத் தள்ளியிருக்கிறார்.

உள்ளே சொட்டும் சத்தம் நின்றது. மூச்சு நின்றது. பிறகு எல்லாக் கால்களும் ஒரே நேரத்தில் நகர்ந்தன. வேலைக்குப் போகிறவர்கள் நகர்வது மாதிரி.

தரை ஆடியது.

லேசாகத்தான். கட்டுமரம் மணலை விட்டுத் தண்ணீருக்குள் நழுவும்போது ஆடுமே, அது போல. கம்பம் ஒரு பக்கம் சாய்ந்து, மறு பக்கம் சாய்ந்தது. வரப்புக்கும் வாசல் மண்ணுக்கும் நடுவில் கோடு மாதிரி ஒரு பிளவு. அதில் தண்ணீர் தெரிந்தது. ஒரு எட்டு வைத்தால் வரப்பு. பிளவு இன்னும் அகலமாகவில்லை. அவள் குதித்திருக்கலாம்.

உள்ளே அவர் இருந்தார்.

அவள் போர்வையை விடாமல் பிடித்துக்கொண்டு உள்ளே போனாள்.

கட்டில் காலியாக இருந்தது. கலியபெருமாள் வாசலுக்கு நேர் எதிரே நின்றுகொண்டிருந்தார். இரண்டு காலையும் அகட்டி, இரண்டு கையையும் முன்னால் நீட்டி, அங்கே இல்லாத ஒரு சுக்கானைப் பிடித்துக்கொண்டு. முதுகு மட்டும்தான் தெரிந்தது. வேட்டியிலிருந்து தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது.

"ஏங்க," என்றாள். "ஏங்க, திரும்புங்க."

திரும்பவில்லை.

வாசல் வழியே உப்புக் குவியல்கள் ஒவ்வொன்றாக, மெதுவாகப் பின்னால் போயின. வரப்பில் மாரியம்மாள் நெற்றிக்குக் கை கொடுத்து நின்றாள். இந்தப் பக்கம்தான் பார்த்தாள். எதையும் பார்க்காதவள் மாதிரிப் பார்த்தாள். சிறிதாகிக்கொண்டே போனாள்.

இப்போது சுவரோரம் நின்ற கப்பல்காரர்கள் எல்லோரும் தெரிந்தார்கள். யாரும் அவளை நிமிர்ந்து பார்க்கவில்லை. கட்டிலின் கால்மாட்டில் நின்ற ஒருவன் மட்டும், ஊதிப்போன பாதத்தை இழுத்து, அவளுக்காகக் கொஞ்சம் தள்ளி நின்றான். அவனுக்குப் பக்கத்தில் அந்த இடம் காலியாக இருந்தது. அங்கே மட்டும் தரை இன்னும் காய்ந்திருந்தது.